ஆணியில் தொங்கிய அட்டை

அவளைக் காலர் என்றுதான் எல்லோரும் கூப்பிட்டார்கள். சட்டை தைக்கும் அந்தத் தொழிற்சாலையில் சொந்தப் பெயருக்கு வேலை இல்லை. எந்தத் துண்டைத் தைக்கிறாளோ அதுதான் அவள் பெயர். பை வைத்துத் தைப்பவள் பாக்கெட். கை முனை தைப்பவள் கஃப். பொத்தான் வைப்பவள் பட்டன். இவள் கழுத்துப் பட்டை தைத்தாள்.

நான் அவளைத் தையல் மிஷினில் பார்த்ததில்லை, படுக்கையில்தான் பார்த்தேன். அப்போது தாய்மார் வார்டில் பராமரிப்பு உதவியாளராக இருந்தேன். படுக்கை விரிப்பது, உடம்பு துடைப்பது, காய்ச்சல் பார்ப்பது, அளவுக் குவளையில் சிறுநீர் அளப்பது என் வேலை. மற்றதெல்லாம் அவளும் கஃபும் சொல்லிக் கேட்டது. கஃப் வாயைத் திறந்தால் மூட மாட்டாள். அதனால் விவரத்துக்குப் பஞ்சமில்லை.

அவர்கள் மிஷின் வரிசையில் ஒரு வழக்கம். தூணில் ஓர் ஆணி, ஆணியில் கயிறு கட்டிய ஒரு பிளாஸ்டிக் அட்டை. பாத்ரூம் போகிறவள் அதைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு போக வேண்டும், திரும்பி வந்து ஆணியில் மாட்ட வேண்டும். வரிசைக்கு ஓர் அட்டைதான். ஒருத்தி போயிருந்தால் அடுத்தவள் அவள் வரும்வரை அடக்கிக்கொண்டு உட்கார வேண்டும். கம்பெனி போட்ட விதி அவ்வளவுதான். அதற்கு மேல் ஒரு விதி பெண்களே போட்டுக்கொண்டது. ஒருத்தி எழுந்து போனால் அவள் மிஷினில் துணிக்கட்டு குவியும், அடுத்தவள் கை சும்மா இருக்கும், மாலையில் மொத்த வரிசையும் திட்டு வாங்கும். அதனால் அட்டையை அடிக்கடி எடுப்பவளை யாரும் வாயால் ஒன்றும் சொல்வதில்லை. பார்ப்பார்கள். அந்தப் பார்வை போதும்.

காலர் அந்தப் பார்வையை வாங்கியதே இல்லை. காலையில் உட்கார்ந்தால் மதிய இடைவேளைக்குத்தான் எழுவாள். புதிதாக வந்தவர்களிடம் சூப்பர்வைசர் அவளைக் காட்டி, "அந்தப் பொண்ணப் பாருங்க, அம்மிக்கல்லு மாதிரி உக்காந்திருக்கு," என்பார். அவளுக்கும் அதில் பெருமைதான். அடக்குவதற்கு அவளிடம் ஒரு வித்தை இருந்தது. தண்ணீரே குடிக்காமல் இருப்பது.

இதில் வேடிக்கை என்னவென்றால், அவள் புருஷன் தண்ணீர் கேன் போடுகிறவன். மூன்று சக்கர வண்டியில் பெரிய பெரிய கேன்களை ஏற்றிக்கொண்டு மாடி மாடியாகத் தோளில் சுமந்து போவான். வீட்டின் மூலையில் எப்போதும் ஒரு நிறை கேன் இருக்கும். "ஊருக்கெல்லாம் நான் தண்ணி காட்டுறேன். என் வீட்டுக் கேன் மட்டும் காலியாக மாட்டேங்குது," என்று அவன் சொல்லிச் சிரிப்பானாம். சிரித்ததோடு சரி. ஏன் காலியாகவில்லை என்று கேட்டதில்லை.

கல்யாணமாகி வெகுகாலம் குழந்தை இல்லாமல் இருந்தவர்கள். மாமியார் கூடவே இருந்தாள். கெட்டவள் அல்ல, வாய் மட்டும் கொஞ்சம் நீளம். யாராவது வீட்டுக்கு வந்து போனால், "அவங்க பேரன் என்னமா வளந்துட்டான்," என்று சுவரைப் பார்த்துச் சொல்லுவாள். சுவருக்கா சொன்னாள்? அப்படியிருந்த வீட்டில் காலர் முழுகாமல் இருக்கிறாள் என்று தெரிந்ததும் மாமியார் செய்த முதல் காரியம், வாசல் படியில் கிடந்த செருப்பையெல்லாம் ஓரமாக எடுத்து வைத்ததுதான். மருமகள் தடுக்கி விழுந்துவிடக் கூடாதாம்.

அந்தக் குழந்தை நல்லபடியாக, நாள் நிறைந்து பிறக்க வேண்டும். அந்த வீட்டில் மூன்று பேருக்கும் வேறு நினைப்பே இல்லை.

ஐந்தாம் மாதம் வாக்கில் அவளுக்கு நீர்க்கடுப்பு வந்தது. போகும்போது எரிச்சல். போய்விட்டு வந்தாலும் இன்னும் பாக்கி இருப்பது போல ஒரு முட்டல். "மிஷின்ல உக்காந்தே இருக்கியே, சூடு ஏறிடுச்சு. பொம்பளையாப் பொறந்தா இதெல்லாம் வரத்தான் செய்யும்," என்றாள் மாமியார். சூடு என்று ஒரு வார்த்தை இருக்கிறதே, அதற்குள் எத்தனை நோயைப் போட்டு மூடியிருக்கிறோம் என்று யாராவது கணக்கெடுத்தால் நல்லது.

நல்லவேளை, மாதாந்தரப் பரிசோதனைக்குப் போன இடத்தில் நர்ஸ் சிறுநீர் பிடித்துக் கொடுக்கச் சொன்னாள். கழுவிவிட்டு, முதலில் வருவதை விட்டுவிட்டு, நடுவில் வருவதைச் சுத்தமான குப்பியில் பிடிக்க வேண்டும். அப்படிப் பிடித்துக் கொடுத்தாள். கிருமி இருந்தது. ஒரு வாரத்துக்கு மாத்திரை கொடுத்தார்கள். குழந்தைக்கு ஆகாத மாத்திரை அல்ல, கர்ப்பிணிகளுக்கென்று பார்த்துக் கொடுப்பதுதான். எரிச்சல் நின்றாலும் நிறுத்தக் கூடாது, முடிந்தபின் திரும்ப வந்து சிறுநீரைச் சோதிக்க வேண்டும் என்றும் சொல்லியனுப்பினார்கள். காலர் தலையாட்டினாள்.

மூன்றாம் நாளே எரிச்சல் போய்விட்டது. அன்றைக்கென்று பார்த்துப் பக்கத்து மிஷினில் இருந்த கஃப் முகத்தைச் சுளித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"என்னடி மூஞ்சி?"

"போனா நெருப்பாக் கொட்டுது. போகலன்னா வயிறு வெடிக்குது. அட்டை வேற பட்டன் கழுத்துல இருக்கு. அவ போனா அங்கேயே குடித்தனம் பண்ணிட்டுத்தான் வருவா."

"எனக்கும் இதேதான். மாத்திரை குடுத்தாங்க, மந்திரம் போட்ட மாதிரி நின்னுடுச்சு. இரு."

அந்த வரிசையில் எதையும் தனியாக வைத்துக்கொள்ளும் பழக்கம் கிடையாது. ஊசி, சீப்பு, தலைவலி மாத்திரை, மாதவிடாய்த் துணி எல்லாம் தைத்த துணிக்கட்டுக்குள் செருகி, மிஷினுக்கு மிஷின் கைமாறும். சூப்பர்வைசர் கண்ணுக்குக் கட்டு போவது மட்டும்தான் தெரியும். அந்த வழியாகத்தான் காலரின் மீதி மாத்திரைகளும் கஃபுக்குப் போயின. மனசில் கள்ளம் இல்லை. பாதி நமக்கு, பாதி பக்கத்து இருக்கைக்கு. அவர்கள் பிழைத்துக் கிடந்ததே அப்படித்தான்.

கஃபுக்கும் எரிச்சல் நின்றது. இரண்டு பேருக்கும் சந்தோஷம். உடம்புதான் நன்றாகிவிட்டதே என்று காலர் திரும்பச் சோதனைக்குப் போகவில்லை. தண்ணீர் விஷயத்திலும் பழைய வித்தைதான்.

இந்த இடத்தில் ஒன்று சொல்லிவிடுகிறேன். கர்ப்பத்தில் சிறுநீர் வழக்கம்போல ஓடாது. வளரும் கர்ப்பப்பை மேலே இருந்து அழுத்தும், சிறுநீர் இறங்கும் குழாய்கள் தளர்ந்து போகும், தேங்கி நிற்கும். தேங்கின தண்ணீரில் எது வளரும் என்று தெருச் சாக்கடையைப் பார்த்தாலே தெரியும். கிருமி சிறுநீர்ப்பைக்குள் இருக்கும்வரை எரிச்சல். மேலே ஏறிச் சிறுநீரகத்தைப் பிடித்துவிட்டால் அது வேறு கதை. சில பேருக்கு எரிச்சலே இல்லாமல் கிருமி மட்டும் இருக்கும். அதனால்தான் ஒன்றும் இல்லாதவளிடமும் குப்பியை நீட்டுகிறார்கள். வேலை இல்லாமல் அல்ல.

ஏழாம் மாதம். காலருக்கு வலது பக்கம், விலாவுக்குக் கீழே முதுகில் வலித்தது. அதை அவள் வலி என்றே எண்ணவில்லை. அந்த வரிசையில் முதுகு வலிக்காதவள் யார்? நாள் முழுக்கக் குனிந்து தைப்பவர்களுக்கு முதுகுவலி சம்பளத்தோடு வருவது. வயிறு வேறு முன்னால் தள்ளியிருக்கிறது, வலிக்காமல் என்ன செய்யும் என்று நினைத்துக்கொண்டு மிஷினை மிதித்தாள்.

மதியம் நெருங்கும்போது, தைத்ததைச் சோதிக்கிற பெண் ஒரு கட்டைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

"காலர்க்கா, இது நீங்க தைச்சதா?"

காலரின் முனை இரண்டும் ஒன்றுக்கொன்று அச்சாக இருக்க வேண்டும். அந்தக் கட்டில் ஒரு முனை கிழக்கே பார்த்தது, ஒரு முனை மேற்கே பார்த்தது. அவள் கைவேலை திரும்பி வந்தது அதுவே முதல் தடவை. வரிசையே தலையைத் தூக்கிப் பார்த்தது. சூப்பர்வைசர் விறுவிறுவென்று வந்தார்.

"என்னம்மா, வீட்டுல தூங்கலையா? நீயே இப்படித் தைச்சா நான் யாரைப் போய்..." என்று தொடங்கியவர் நிறுத்திவிட்டார். இஸ்திரிப் பெட்டிகளின் அனலில் மற்றவர்களுக்கு வேர்த்து ஊற்றிக்கொண்டிருந்தது. இவளுக்கோ பல் கிட்டிக்கொண்டிருந்தது.

"குளுருது அண்ணே," என்றாள் காலர்.

கஃப் எழுந்து வந்து அவள் கழுத்தில் கையை வைத்துப் பார்த்தாள். "இஸ்திரிப் பெட்டியே தேவலாம்டி!" என்றாள். "அண்ணே, நான் இவளை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போறேன்."

"ரெண்டு பேரும் போயிட்டா காலரும் கஃபும் இல்லாம என்ன சட்டை தைக்கிறது?"

"பனியன் தைங்க," என்று சொல்லிவிட்டு கஃப் அவளைத் தோளில் சாய்த்துக்கொண்டு நடந்தாள். வாசல் வரை சூப்பர்வைசரே பின்னால் வந்து ஆட்டோ பிடித்துக் கொடுத்தார். நியாயமாக அதையும் சொல்ல வேண்டும்.

எங்கள் வார்டுக்கு அப்படித்தான் வந்தாள். வந்ததும் வாந்தி எடுத்தாள். காய்ச்சல் நூற்று மூன்று. டாக்டரம்மா முதுகில் வலித்த இடத்தை லேசாகத் தட்டியதும் துள்ளினாள். வயிற்றில் கையை வைத்துப் பார்த்தேன். விட்டு விட்டு இறுகியது. ஏழாம் மாதத்தில் அப்படி இறுகுவது எங்களுக்குப் பிடிக்காத விஷயம். காய்ச்சலும் கிருமியும் சேர்ந்து பிள்ளையை முன்கூட்டியே வெளியே தள்ளிவிடும். அந்த நாளில் வரும் பிள்ளைக்கு நுரையீரல் தயாராகியிருக்காது.

டாக்டரம்மா கேட்டார்: "முன்னாடி நீர்க்கடுப்பு வந்துச்சா?"

"வந்துச்சு டாக்டர். மாத்திரை குடுத்தாங்க."

"முழுசா சாப்பிட்டியாம்மா?"

"சாப்பிட்டேன்."

கட்டிலின் கால்மாட்டில் நின்ற கஃப் தரையைப் பார்த்தாள், விட்டத்தைப் பார்த்தாள். பிறகு பொங்கிவிட்டாள்.

"பொய் சொல்றா டாக்டர். பாதிதான் இவ சாப்பிட்டா. மீதிப் பாதி இங்க இருக்கு," என்று தன் வயிற்றைத் தட்டிக் காட்டினாள்.

எழுதிக்கொண்டிருந்த பேனா நின்றது. "நீங்களும் மாசமா இருக்கீங்களா?"

"ஐயோ, இல்லைங்க. வீட்டுல ஏற்கெனவே ரெண்டு கழுதை இருக்கு, அதுவே போதும். எனக்கும் எரிச்சல் இருந்துச்சு. இவதான் குடுத்தா."

டாக்டரம்மா கோபப்படவில்லை. களைத்துப்போன மனுஷி, கோபத்துக்கு நேரமில்லை. "மருந்தைத்தான் பங்கு போட்டீங்க. கிருமி பங்கு போட்டுக்குமா? பாதி மருந்துக்குச் சாகாம மிச்சமிருந்ததுதான் இப்ப வளந்து மேல ஏறியிருக்கு. அவங்களுக்கு என்ன கிருமி, எந்த மருந்துக்குக் கேக்கும்னு சோதிச்சுத்தான் குடுத்தாங்க. உங்களுக்கு அதே கிருமிதானா? யாருக்குத் தெரியும்? நீங்களும் வெளிய போய்க் குப்பியில பிடிச்சுக் குடுத்துட்டு வாங்க."

காலர் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். "கொழந்தைக்கு ஒண்ணும் ஆகாதே?" என்று சுவரைக் கேட்டாள்.

"ஆகாம பாக்கத்தான் சேத்திருக்கோம். இனிமே கேட்டா உண்மையைச் சொல்லு, அது போதும்."

உண்மை தெரிந்ததால் மருந்தை மாற்றிப் போட்டார்கள். சிறுநீரைப் பரிசோதனைக்கு அனுப்பிவிட்டு, நரம்பு வழியாக மருந்தும் நீரும் ஏற்றினார்கள். காய்ச்சலை இறக்கினார்கள். வயிற்றில் பட்டை கட்டிப் பிள்ளையின் துடிப்பைக் கேட்டார்கள். கஃப் சொல்லாமல் இருந்திருந்தால் பழைய மருந்தையே மறுபடி கொடுத்து ஓரிரு நாள் வீணாகியிருக்கலாம். அந்த ஓரிரு நாள் எங்களிடம் இல்லை.

மாலைக்குள் இறுக்கம் குறைந்தது. முழுதாக நிற்கவில்லை. நான் வரும்போதெல்லாம், "இப்ப இறுகுச்சா, இல்ல அது உதைச்சுதா?" என்று கேட்பாள். அந்த வித்தியாசம் அவளுக்குப் பிடிபட ஒரு நாள் ஆனது. பிறகு அவளே சொன்னாள்: "உதை வேற. உதைச்சா ஒரு பக்கம் மட்டும் துள்ளுது. இறுகினா மொத்தமும் பலகையாட்டம் ஆகுது." சரியாகப் பிடித்துக்கொண்டாள். கையால் வேலை செய்கிறவர்களுக்கு இதெல்லாம் சீக்கிரம் வரும்.

புருஷன் வேலை முடிந்து நேராக வந்தான். தோளில் ஒரு தண்ணீர் கேன்.

"இங்க தண்ணி இருக்குப்பா," என்றேன்.

"இருக்கட்டும்மா. இது இவளுக்கு," என்று கட்டிலுக்குப் பக்கத்தில் இறக்கி வைத்தான். வேறு என்ன செய்வதென்று அவனுக்குத் தெரியவில்லை.

மாமியார் அடுத்த நாள் வந்தாள். மருமகளின் கையில் ஏறிக்கொண்டிருந்த குழாயைப் பார்த்துவிட்டு, "சூடுன்னு சொன்னேனே நான். என் வாயில மண்ணு விழ," என்றாள். பிறகு, "இவ்வளவு தண்ணியும் வாயால குடிச்சிருந்தா கையில ஏத்துவாங்களா?" என்று ஆரம்பித்தாள். அதுவும் முழுக்கச் சரியில்லை. தண்ணீர் குடித்தால் கிருமி ஒட்டிக்கொண்டு பெருக இடம் குறையும், அவ்வளவுதான். வந்துவிட்ட நோய்க்குத் தண்ணீர் மருந்தாகாது.

காய்ச்சல் இறங்கிய பின் ஒரு காலை, நர்ஸ் புருஷன் பெண்டாட்டி இருவரையும் உட்கார வைத்துச் சொன்னாள். அடக்கக் கூடாது, போகும்போது அவசரப்படாமல் முழுக்கப் போய்விட்டு எழ வேண்டும், கழுவும்போது முன்னிருந்து பின்னாகக் கழுவ வேண்டும், பருத்தி உள்ளாடை, வாசனைச் சோப்பு அங்கே வேண்டாம். கேட்டுக்கொண்டார்கள். "ரெண்டு பேரும் சேந்து இருந்தா, அப்புறம் எழுந்து போய் ஒண்ணுக்குப் போயிட்டு வந்துடணும்," என்றாள். புருஷன் கேன் மூடியைத் திறந்தான், மூடினான், மறுபடி திறந்தான். காலர் ஜன்னலைப் பார்த்தாள். மாமியார், "கேட்டுக்கடா," என்றாள் சத்தமாக. பக்கத்துக் கட்டில்காரி போர்வைக்குள் சிரித்தாள்.

காய்ச்சல் விட்டு, வயிறு அடங்கி, மாத்திரைக்கு மாறிய பின் வீட்டுக்கு அனுப்பினார்கள். பிரசவம் வரைக்கும் தினமும் ஒரு சின்ன மாத்திரை, மாதா மாதம் சிறுநீர்ப் பரிசோதனை. மறுபடியும் குளிர்க்காய்ச்சலோ, முதுகுவலியோ, இரத்தமோ, வயிறு இறுகுவதோ தெரிந்தால் யாரையும் கேட்காமல் கிளம்பி வர வேண்டும். கஃபுக்கு வேறு கிருமி, வேறு மாத்திரை. கடைசி மாத்திரை வரை விழுங்கிவிட்டு காலி மாத்திரை அட்டையைக் கொண்டுவந்து டாக்டரம்மாவிடம் காட்டினாள். யாரும் காட்டச் சொல்லவில்லை.

கொஞ்ச நாள் ஓய்வுக்குப் பிறகு காலர் வேலைக்குப் போனாள். "வீட்டுல அத்தையோட உக்காந்திருக்கறதுக்கு மிஷின் எவ்வளவோ மேல்," என்றாளாம் கஃபிடம். போன முதல் நாளே வரிசையின் கண்கள் எல்லாம் அவள் மேல்தான். தண்ணீர்ப் பாட்டிலைத் துணிப்பக்கம் வைக்க அனுமதி இல்லை. தூணில் அட்டைக்குப் பக்கத்தில் கட்டித் தொங்கவிட்டாள். முதல் தடவை அட்டையை எடுத்தாள், யாரும் அந்தப் பார்வை பார்க்கவில்லை. இரண்டாம் தடவை எடுத்தாள். மூன்றாம் தடவை எழுந்தபோது அட்டை ஆணியில் இல்லை. பாக்கெட் கொண்டுபோயிருந்தாள். காலர் காத்து நின்றாள். அப்படி நிற்கையில் வயிறு ஒரு முறை இறுகியதாம். உதை அல்ல, பலகை.

அவள் உட்கார்ந்தாள். கழுத்துப் பட்டை விறைப்பாக நிற்க உள்ளே வைக்கும் கேன்வாஸில் வெட்டி மிஞ்சிய துண்டை எடுத்தாள். இரண்டு மடிப்பாக வைத்து, ஓரம் மடக்கித் தைத்து, புரட்டி, முனைகளைக் குச்சியால் குத்தி எடுத்து, மேலே ஒரு தையல் ஓட்டினாள். கட்டுக் கட்டும் கயிற்றில் ஒரு முழம் கோத்தாள். அதைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு எழுந்து போனாள். திரும்பி வந்து ஆணியில் பழைய அட்டைக்குப் பக்கத்தில் மாட்டினாள். வயிறு அதற்குப் பிறகு இறுகவில்லையாம்.

சூப்பர்வைசர் சாயங்காலம்தான் கவனித்தார்.

"இது என்ன ரெண்டு? யாரு போட்டது?"

மிஷின்கள் ஓடின. ஒருத்தியும் நிமிரவில்லை.

"கேக்கறேன்ல?"

"அண்ணே," என்றாள் கஃப், தைத்துக்கொண்டே. "ஒத்தையா தொங்கிட்டு இருந்துச்சுல்ல. குட்டி போட்டிருக்கு."

ஒரு மிஷின் நின்றது, பிறகு இன்னொன்று. சிரிப்பை அடக்க முடியவில்லை. சூப்பர்வைசர் அந்தக் கேன்வாஸ் அட்டையைக் கையில் எடுத்துத் திருப்பிப் பார்த்தார். இரண்டு முனையும் அச்சாக இருந்தன. யார் கை என்று அவருக்குத் தெரியாதா? காலரின் பக்கம் பார்த்தார். அவள் நேராக அவரையே பார்த்தாள். குனியவில்லை.

"மேல இருந்து யாராவது கேட்டா எனக்குத் தெரியாது," என்று சொல்லி, எடுத்த இடத்திலேயே மாட்டிவிட்டுப் போனார். மற்ற வரிசைகளில் இன்னும் ஓர் அட்டைதான் என்று கஃப் சொல்கிறாள். அவர்கள் யாரும் தைத்துக்கொள்ளவில்லையாம்.

அடுத்த மாதப் பரிசோதனையில் கிருமி இல்லை. அதற்கடுத்த மாதமும் இல்லை. தினமும் மாத்திரை போடும் நேரத்தில் கஃப், "எனக்கு?" என்று கையை நீட்டுவாள். "கைய வெட்டிடுவேன்," என்பாள் காலர்.

நாள் நிறைந்து, சொன்ன வாரத்திலேயே வலி எடுத்து வந்தாள். பெண் குழந்தை. மூன்று கிலோவுக்குக் கொஞ்சம் மேல், தொண்டை முழுக்கச் சத்தம். புருஷனிடம் கொடுத்தபோது கேன் தூக்குகிறவன் மாதிரி தோளில் சாய்க்கப் போனான். தடுத்து, கையை மடக்கிப் பிடிக்கக் காட்டிக் கொடுத்தேன். மாமியார் சுவரைப் பார்க்கவில்லை. நேராகக் குழந்தையைப் பார்த்து, "வந்துட்டியா? உன் பாட்டி எவ்வளவு நேரமா நிக்கிறா," என்று அதட்டினாள்.

பிரசவமான சில மணி நேரத்துக்குள் தாய் சிறுநீர் கழித்தாளா என்று பார்ப்பதும் என் வேலை. சிறுநீர்ப்பை நிறைந்து கிடந்தால் கர்ப்பப்பை சுருங்காது, இரத்தம் நிற்காது, பழைய தொல்லையும் திரும்பும். காலர் அசந்து தூங்கிக்கொண்டிருந்தாள். தோளைத் தட்டினேன்.

"எழுந்திரும்மா. ஒண்ணுக்குப் போகணும். போவோமா?"

கண்ணைத் திறக்காமலே எழுந்து உட்கார்ந்தாள். கால்களைக் கட்டிலுக்கு வெளியே போட்டாள். பிறகு வலது கையை நீட்டி, வார்டின் வெறும் சுவரில் தோள் உயரத்தில் எதையோ தேடித் தடவினாள்.

"அட்டை எங்க?" என்றாள்.

"இங்க அட்டை இல்லம்மா. நீ பாட்டுக்குப் போ," என்று கையைப் பிடித்து நடத்திக் கொண்டுபோனேன். நிறையப் போனாள். அளந்து எழுதி வைத்தேன்.